கலாத்தியா: துருக்கியின் நடுவே வாழ்ந்த கெல்ட்டியர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கலாத்தியா என்பது சரியாக எந்த இடம்?

இன்றைய துருக்கியின் நடுப்பகுதி. மேற்கே சிவ்ரிஹிசார், கிழக்கே யோஸ்காட், இடையில் தலைநகர் அங்காரா. சுமார் 300 கி.மீ. நீளமுள்ள இந்தப் பட்டைக்குள் பழைய கலாத்தியா பெரும்பாலும் அடங்கிவிடும். கடற்கரை கிடையாது. கடல்மட்டத்துக்கு மேல் 800 முதல் 1,200 மீட்டர் வரை உயர்ந்த மேட்டுநிலம். குளிர்காலத்தில் பனி, கோடையில் காய்ந்த புல். மேற்கில் சகார்யா ஆறு, கிழக்கில் கிசிலிர்மாக் ஆறு. பழைய நூல்களில் இவை சங்காரியஸ், ஹாலிஸ் என்று வரும்.

மேற்குப் பக்கத்தில் மரமே இல்லாத வெட்டவெளி ஒன்று இருந்தது. விறகு கிடைக்காததால் அங்குள்ளவர்கள் மாட்டுச் சாணத்தைக் காயவைத்து எரிக்கிறார்கள் என்று ரோம வரலாற்றாசிரியர் லிவி ஒரு புதுமையாகக் குறித்து வைத்திருக்கிறார். வறட்டி தட்டுகிற ஊர்க்காரர்களுக்கு இதில் வியக்க ஒன்றுமில்லை.

ஐரோப்பாவின் பழைய மக்களினமான கெல்ட்டியர் வருவதற்கு முன்பே இது பிரிகியரின் நாடு. அவர்கள் வந்த பிறகும் உழுதவர்களும் ஆடு மேய்த்தவர்களும் பெரும்பாலும் பிரிகியரே. கெல்ட்டியர் மலைக்கோட்டைகளில் இருந்துகொண்டு ஆண்ட சிறுபான்மை. இதை மனத்தில் வைத்துக்கொண்டால் கீழே வரும் குழப்பங்களில் பாதி தானாகத் தீரும்.

பிரான்சின் பழைய பெயரான ‘கால்’ நாடும் இதுவும் ஒன்றா?

இல்லை. மக்கள் உறவினர், நாடு வேறு. கிரேக்க எழுத்தாளர்கள் இரண்டு இடத்தாரையும் ‘கலாத்தாய்’ என்றே எழுதிவைத்ததால் வந்த தொல்லை இது. ஒரு கிரேக்க நூலில் இந்தப் பெயர் வந்தால் அருகில் எந்த ஆறு, எந்த அரசன், எந்த ஆண்டு பேசப்படுகிறது என்று பார்த்துவிட்டுத்தான் முடிவுக்கு வரவேண்டும். ரோமர் ஆசியாவில் இருந்தவர்களின் நாட்டை ‘கால்லோகிரேசியா’ என்றும் அழைத்தார்கள்.

ஐரோப்பாவில் இருந்தவர்கள் இவ்வளவு தூரம் ஏன் வந்தார்கள்? கடலை எப்படிக் கடந்தார்கள்?

அலெக்சாந்தரின் தளபதிகளில் கடைசியாக எஞ்சிய லிசிமாக்கஸும் செலூக்கஸும் கி.மு. 281இல் இறந்தார்கள். மாசிதோனியாவைப் பிடித்த தாலமி கெரானஸ், கி.மு. 279இல் வடக்கிலிருந்து இறங்கிய கெல்ட்டியரோடு மோதி உயிரை விட்டான். அதே ஆண்டில் பிரென்னஸ் என்பவனின் தலைமையில் ஒரு பெரும்படை தெற்கே டெல்பி கோயில் வரை போய், அடிபட்டுத் திரும்பியது.

நம் கதை அந்தப் படையோடு போகாதவர்களுடையது. மாசிதோனியாவுக்கு வடக்கே தார்தானியாவிலேயே பிரென்னஸோடு பிணங்கி, லியோனோரியஸ், லுத்தாரியஸ் என்ற இரு தலைவர்களின் கீழ் சுமார் 20,000 பேர் பிரிந்து கிழக்கே திரேசுக்குப் போனார்கள். எதிர்த்த ஊரை அடிப்பது, பணிந்த ஊரிடம் கப்பம் வாங்குவது என்று பைசாந்தியம், அதாவது இன்றைய இஸ்தான்புல் வரை வந்து, அங்கிருந்து தென்மேற்கே ஹெலஸ்பொந்து நீரிணைக்கு, அதாவது இன்றைய தர்தனெல்சுக்கு, இறங்கினார்கள். எதிர்க்கரையில் ஆசியா கண்ணுக்குத் தெரிகிறது. கையில் கப்பல் இல்லை.

இந்த இடத்தில் இரு தலைவர்களும் சண்டையிட்டுப் பிரிந்தார்கள். லியோனோரியஸ் பெரும்பகுதி ஆட்களோடு பைசாந்தியத்துக்குத் திரும்பினான். லுத்தாரியஸ் ஹெலஸ்பொந்து நீரிணையிலேயே காத்திருந்தான். தூது என்ற பெயரில் வேவு பார்க்க மாசிதோனியர் சிலர் அவனிடம் வந்தார்கள். அவர்களிடமிருந்து தளமுள்ள கப்பல் இரண்டையும் சிறு படகு மூன்றையும் பறித்துக்கொண்டான். அந்த ஐந்து கலங்களும் இரவு பகலாகப் போய்வந்து, சில நாட்களில் அவன் ஆட்கள் எல்லோரையும் அக்கரை சேர்த்தன. நீரிணையின் மிகக் குறுகலான இடம் ஒன்றேகால் கி.மீ. அளவுதான் என்பதால் இது நடக்கக்கூடியதே.

லியோனோரியஸைக் கூட்டிச் சென்றவன் எதிர்க்கரையில், வடமேற்குத் துருக்கியில் இருந்த பித்தினியா நாட்டு அரசன் முதலாம் நிக்கோமேதஸ். நாட்டின் ஒரு பகுதியைப் பிடித்து வைத்திருந்த தன் உடன்பிறந்தான் சிபோயித்தஸை விரட்ட அவனுக்குக் கூலிப்படை தேவைப்பட்டது. கி.மு. 278–277இல் ஒப்பந்தம் ஆயிற்று. நிக்கோமேதஸுக்கும் அவன் வழிவந்தவர்களுக்கும் எப்போதும் துணை நிற்கவேண்டும். அவனைக் கேட்காமல் வேறு யாரோடும் உறவு வைக்கக்கூடாது. அவன் நண்பன் இவர்களுக்கும் நண்பன், அவன் பகைவன் இவர்களுக்கும் பகைவன். பைசாந்தியம், ஹெராக்லியா, கால்கெதோன் முதலிய நகரங்களுக்கு ஆபத்து வந்தால் உதவவேண்டும். கெல்ட்டியர் தரப்பில் கையொப்பத்துக்கு 17 தலைவர்கள் இருந்தார்கள். வேலை முடிந்ததும் இத்தனை பேரைத் திருப்பி அனுப்புவது எப்படி என்ற நிபந்தனை மட்டும் அதில் இல்லை.

வந்தவர்கள் எத்தனை பேர்?

லிவியின் கணக்குப்படி 20,000 பேரில் ஆயுதம் பிடித்தவர்கள் 10,000க்கு மேல் இல்லை. மற்றவர்கள் பெண்கள், குழந்தைகள், முதியவர்கள். குடும்பம் குடும்பமாக, வண்டி கட்டிக்கொண்டு வந்த கூட்டம் என்பதால்தான் போர் முடிந்தும் ஊர் திரும்பவில்லை. 10,000 வாள் ஒரு பெருநாட்டை நடுங்கவைத்தது எப்படி என்றால், அப்போது மேற்கு ஆசியாவில் அவர்களை எதிர்க்கக்கூடிய அரசுகள் ஒன்றையொன்று கடித்துக்கொண்டிருந்தன. ஒவ்வொன்றும் அடுத்ததை அடிக்க இவர்களையே அமர்த்தியது.

மூன்று குலங்கள் என்கிறார்களே, அவை யாவை?

தொலிஸ்தோபோகியர், தெக்தோசாகர், திரோக்மியர். கொள்ளைக்கும் கப்பத்துக்கும் மேற்கு ஆசியாவையே மூன்றாகப் பங்கு போட்டுக்கொண்டார்கள். ஹெலஸ்பொந்து கரை திரோக்மியருக்கு, மேற்குக் கடற்கரையின் ஏயோலிஸும் அயோனியாவும் தொலிஸ்தோபோகியருக்கு, உள்நாடு தெக்தோசாகருக்கு.

கப்பம் வாங்கும் பகுதி வேறு, குடியிருந்த பகுதி வேறு. வரைபடம் வரைபவர்கள் அடிக்கடி சறுக்கும் இடம் இது. குடியிருப்பு என்று பார்த்தால், மேற்கே பெசினஸ், கோர்தியோன் பக்கம் தொலிஸ்தோபோகியர். நடுவே அன்சிரா என்ற இன்றைய அங்காராவைச் சுற்றி தெக்தோசாகர். ஹாலிஸ் ஆற்றுக்குக் கிழக்கே தாவியத்தைச் சுற்றி திரோக்மியர். தெக்தோசாகர் என்ற பெயரிலேயே தெற்குப் பிரான்சின் துலூஸ் பக்கம் இன்னொரு கூட்டமும் இருந்தது.

கொள்ளை என்று கிரேக்கர் புலம்புவது மிகையா?

மிகை உண்டு, பொய் இல்லை. அந்தக் காலத்துக் கல்வெட்டுகளே சாட்சி. பிரியேனே நகரத்தில் சோத்தாஸ் என்ற குடிமகன் தன் செலவில் ஆட்களைத் திரட்டி, நாட்டுப்புறத்து மக்களைக் காப்பாற்றியதற்காக ஊரார் கல் நாட்டினார்கள். தென்மேற்குத் துருக்கியின் தெனிஸ்லி பக்கத்தில் கிடைத்த கி.மு. 267 சனவரித் தேதியிட்ட கல்வெட்டு இன்னும் நேரடியானது. கலாத்தியப் போரில் பிடிபட்ட கிராமத்தாரைப் பணம் கொடுத்து மீட்ட பனபெலஸ், லக்காரஸ் என்ற இரு அதிகாரிகளுக்கு இரண்டு சிற்றூர்க்காரர்கள் நன்றி சொல்கிறார்கள். ஆட்களைப் பிடித்து மீட்புத்தொகை வாங்குவதுதான் அன்றைய கொள்ளையில் லாபமான பகுதி. செத்தவனுக்கு விலை கிடையாது.

யானைப் போர் என்பது என்ன? அந்த யானைகள் இந்திய யானைகளா?

மேலே சொன்ன செலூக்கஸின் மகனான செலூக்கிய அரசன் முதலாம் அந்தியோக்கஸ் கி.மு. 270களிலோ அதற்குச் சற்றுப் பின்னரோ கலாத்தியரை வென்ற போர் இது. விவரமாக எழுதியவர் கிரேக்க எழுத்தாளர் லூசியன். போர் நடந்து 400 ஆண்டுக்குப் பின் வந்தவர். கலாத்தியர் தரப்பில் 20,000 குதிரை வீரர், 80 அரிவாள் தேர் என்றெல்லாம் அவர் சொல்லும் எண்களை நம்பவேண்டியதில்லை. ஆயுதமேந்தியவரே 10,000 என்றிருந்த மக்களுக்கு 20,000 குதிரை எங்கிருந்து வரும்?

ஆனால் அவர் சொல்லும் உத்தி பொருந்துகிறது. அந்தியோக்கஸிடம் இருந்தவை 16 யானைகள். ரோத்ஸ் தீவைச் சேர்ந்த தியோதோத்தஸ் என்ற தளபதியின் யோசனைப்படி அவற்றைக் கண்ணில் படாமல் மறைத்து வைத்தார்கள். எதிரிக் குதிரைகள் பாய்ந்து நெருங்கியதும் இரு பக்கத்துக் குதிரைப்படை மேல் நான்கு நான்கும் தேர்கள் மேல் எட்டுமாக விட்டார்கள். யானையையே பார்த்திராத குதிரைகள் அதன் உருவத்துக்கும் பிளிறலுக்கும் மிரண்டு திரும்பி, தம் சொந்தக் காலாட்படை மேலேயே ஏறின. குதிரையை யானைக்கு முன்கூட்டியே பழக்காத எந்தப் படைக்கும் இதுதான் நேரும். பதினாறு மிருகங்கள் தயவில் பிழைத்தோமே என்று அந்தியோக்கஸ் வெட்கப்பட்டு, வெற்றிச் சின்னத்தில் யானை உருவத்தை மட்டும் பொறிக்கச் சொன்னதாகக் கதை. கலாத்திய வீரனைக் காலில் போட்டு மிதிக்கும் யானையின் சுடுமண் பொம்மை ஒன்று மிரினா என்ற ஊரில் கிடைத்து, இப்போது பாரிசின் லூவ்ர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

செலூக்கியர் படைக்கு யானை வந்த வழி இந்தியாதான். முதலாம் செலூக்கஸ் சிந்துப் பக்கத்து நிலங்களை விட்டுக்கொடுத்து, சந்திரகுப்த மௌரியரிடம் 500 யானை பெற்றதாகக் கிரேக்க நூல்கள் சொல்கின்றன. இந்தப் போருக்குப் பிறகும் கலாத்தியர் அடங்கிவிடவில்லை. பின்வந்த செலூக்கிய அரசர்களே அவர்களுக்குக் கப்பம் கட்டியிருக்கிறார்கள்.

கூலிப்படையாக அவர்களை அமர்த்துவதில் என்ன சிக்கல்?

பணம் மட்டும் பேசி முடிக்க முடியாது என்பதுதான். ஒரு வீரனை அமர்த்தினால் அவன் மனைவி, பிள்ளை, வண்டி, மாடு எல்லாவற்றுக்கும் சோறும் வழியும் பார்க்கவேண்டும். படை வண்டியின் வேகத்தில்தான் நகரும். வேலை முடிந்ததும் அவர்கள் குடியேற நிலம் வேண்டும்.

கி.மு. 218இல் மேற்குத் துருக்கியில் இருந்த பெர்கமோன் நாட்டு அரசன் முதலாம் அத்தாலஸுக்கு நேர்ந்ததைப் பாருங்கள். ஐரோப்பாவிலிருந்து ஏகோசாகர் என்ற புதிய கெல்ட்டியக் கூட்டத்தைக் கூட்டிவந்தான். பெண்களும் குழந்தைகளும் வண்டிகளில் பின்தொடர, நெடும்பயணத்தில் அலுத்துப்போய் முணுமுணுத்துக்கொண்டே வந்தார்கள். செப்டம்பர் 1ஆம் தேதி சந்திர கிரகணம் வந்தது. கெட்ட சகுனம், இனி ஓரடி எடுத்து வைக்கமாட்டோம் என்று நின்றுவிட்டார்கள். அத்தாலஸுக்கு மூன்று வழிகள் இருந்தன. அப்படியே விட்டால் எதிரி அக்காயஸிடம் போய்ச் சேர்வார்கள். கொன்றுவிட்டால், நம்பி வந்தவர்களைக் கொன்றான் என்ற பேர் நிற்கும். அப்புறம் எந்தக் கூலிப்படையும் வராது. மூன்றாவது வழியைத் தேர்ந்து, ஹெலஸ்பொந்துக்கே திருப்பிக் கூட்டிப்போய் நிலம் கொடுத்தான். அவர்கள் அங்கிருந்து இலியம் என்ற பழைய திராய் நகரத்தை முற்றுகையிட்டார்கள். அலெக்சாந்திரியா திரோவாஸ் நகரத்தார் 4,000 பேரை அனுப்பி விரட்டினார்கள். கி.மு. 216இல் பித்தினியாவின் முதலாம் புருசியாஸ் அவர்களைப் போரில் முறியடித்து, முகாமில் இருந்த பெண்களையும் குழந்தைகளையும் கூட ஏறக்குறைய முழுவதுமாகக் கொன்று, வண்டிச் சாமான்களைத் தன் வீரர்களுக்குக் கொடுத்துவிட்டான்.

இதே அத்தாலஸ்தான் கப்பம் கட்ட முதலில் மறுத்து, காயிக்கஸ் ஆற்றின் தலைப்பில் தொலிஸ்தோபோகியரை வென்று அரசன் என்ற பட்டம் சூடியவன். வென்றவர்களின் இனத்தாரையே அடுத்த போருக்கு அமர்த்துவதில் யாருக்கும் கூச்சம் இருந்ததில்லை. கலாத்திய வரலாற்றை வீரக் கதையாகப் படிப்பதைவிட, யார் யாருக்கு எப்போது சம்பளம் கொடுத்தார்கள் என்று படித்தால் சீக்கிரம் விளங்கும்.

எகிப்து வரைக்கும் வேலைக்குப் போனார்கள். கி.மு. 180களில் அபிதோஸ் கோயிலின் சுவரில் நான்கு கலாத்திய வீரர்கள் கிரேக்கத்தில் கீறிவைத்த வரி இன்றும் இருக்கிறது: கலாத்தியர்களாகிய நாங்கள், தோவாஸ், கல்லிஸ்திராத்தஸ், அக்கன்னோன், அப்பொல்லோனியஸ், இங்கே வந்தோம், ஒரு நரியைப் பிடித்தோம். நான்கு பெயர்களில் பெரும்பாலானவை கிரேக்கப் பெயர்கள். கலாத்தியர் தாங்களே எழுதியதாக நமக்குக் கிடைப்பது இப்படி எப்போதாவது ஒரு வரி. மற்றதெல்லாம் எதிரி எழுதியது.

அரசன் இல்லாமல் ஆட்சி எப்படி நடந்தது?

புவியியலாளர் ஸ்த்ராபோ அமைப்பைச் சுருக்கமாகத் தந்திருக்கிறார். ஒவ்வொரு குலமும் நான்கு கூறு. ஒவ்வொரு கூறுக்கும் ஒரு தலைவன். தமிழ் விவிலியத்தில் வரும் ‘காற்பங்கு தேசாதிபதி’ என்ற பதவிப் பெயரேதான். அவனுக்குக் கீழ் ஒரு நீதிபதி, ஒரு படைத்தலைவன், இரண்டு துணைப் படைத்தலைவர்கள். மூன்று குலத்துக்கும் சேர்த்தால் 12 தலைவர்கள், 12 நீதிபதிகள், 12 படைத்தலைவர்கள், 24 துணைவர்கள். இவர்களுக்கு மேல் 300 பேர் கொண்ட ஒரு பேரவை, துருனெமெத்தோன் என்ற புனித இடத்தில் கூடும். கொலை வழக்கைப் பேரவை மட்டுமே விசாரிக்கலாம். மற்ற வழக்குகள் அந்தந்தக் கூறின் தலைவனுக்கும் நீதிபதிக்கும் உரியவை.

பழிக்குப்பழி குலச்சண்டையாக வளரக்கூடிய ஒரே குற்றத்தைப் பொதுச்சபையின் கையில் கொடுத்திருந்தார்கள். யோசித்துச் செய்த ஏற்பாடு. காலப்போக்கில் 12 பேர் மூவரானார்கள், பிறகு இருவர், கடைசியில் ஒருவன் என்று ஸ்த்ராபோவே முடிக்கிறார்.

நிர்வாணமாகப் போரிட்டார்கள் என்பது உண்மையா?

போருக்கென்று உடை களைவது வழக்கத்தில் இருந்தது; எல்லோரும் எப்போதும் அப்படி என்று கொள்ளக்கூடாது. இந்தப் பிம்பம் பரவக் காரணம் ரோமின் கப்பித்தோலின் அருங்காட்சியகத்தில் இருக்கும் ‘சாகும் கால் வீரன்’ சிலை. அத்தாலஸ் தன் வெற்றிக்காக வைத்த சிலைகளின் வழியில் வந்த ரோமானியப் பளிங்குப் பிரதி அது. உற்றுப் பார்த்தால் மூன்று அடையாளங்கள் தெரியும்: கழுத்தில் முறுக்கிய உலோக வளையம், தாடி இல்லாத மீசை, சுண்ணாம்பு நீர் தடவி விறைத்ததுபோல் பின்னோக்கி நிற்கும் முடி. வலப்பக்க விலாவில் வெட்டு, அதிலிருந்து வழியும் இரத்தத் துளிகள் கூடச் செதுக்கப்பட்டிருக்கின்றன. வென்றவன் தன் பெருமைக்காகச் செய்வித்த சிலை என்பதை மறக்காமல் பார்க்கவேண்டும். எதிரி எவ்வளவு கம்பீரமோ அவ்வளவு அவனுக்குப் புகழ்.

கி.மு. 189இல் ரோமரிடம் ஏன் அவ்வளவு எளிதாகத் தோற்றார்கள்?

ரோமருக்கு எதிரான மக்னேசியாப் போரில் அவர்கள் செலூக்கிய அரசன் மூன்றாம் அந்தியோக்கஸின் பக்கம் நின்றதைக் காரணம் காட்டி, ரோமின் உயர் பதவியாளரான கான்சல் மான்லியஸ் வுல்சோ படை எடுத்துவந்தார். கூடவே அப்போதைய பெர்கமோன் அரசனின் தம்பி, வேறொரு அத்தாலஸ், வழிகாட்ட வந்தான். கோர்தியோன் நகரை அடைந்தபோது மக்கள் ஓடிவிட்டிருந்தார்கள். சரக்கு மட்டும் அப்படியே கிடந்தது.

தொலிஸ்தோபோகியரும் திரோக்மியரும் ஒலிம்பஸ் என்ற மலையில் ஏறிக்கொண்டார்கள். கிரேக்கத்து ஒலிம்பஸோடு இதைக் குழப்பவேண்டாம். தெக்தோசாகர் அங்காரா அருகே மகாபா மலையில் ஏறினார்கள். மலையேறி வரும் எதிரி களைத்துப்போவான், உணவுக்குத் திண்டாடுவான் என்பது கணக்கு. அது தப்பியது எப்படி?

மலைப்போர் கைகலப்பாக இருக்காது, எறிபடைப் போராக இருக்கும் என்று வுல்சோ முன்பே ஊகித்து, எறியீட்டி, அம்பு, ஈயக் குண்டு, கவண்கல் எல்லாம் மலையாகச் சேர்த்து வைத்திருந்தார். கலாத்தியரிடம் இருந்தது வாள் மட்டும். எறியக் கல்லைக்கூட முன்கூட்டிப் பொறுக்கி வைக்கவில்லை. பதற்றத்தில் கைக்கு வந்ததை, பருமன் பார்க்காமல் எறிந்தார்கள். கேடயம் நீளமாக இருந்தாலும் உடம்பை மறைக்கும் அகலம் இல்லை, தட்டையாகவும் இருந்தது. வாளின் அகன்ற வெட்டுக்காயத்தைப் பெருமையாக நினைத்தவர்கள், சதைக்குள் புதைந்து பிடுங்கவராத அம்பு முனைக்கும் ஈயக்குண்டுக்கும் வெறிபிடித்துத் தரையில் புரண்டார்கள் என்று லிவி எழுதுகிறார். அந்த ஆத்திரத்தில் மேட்டை விட்டு இறங்கி ஓடிவந்தவர்களை ரோமர் வாளால் முடித்தார்கள்.

இறந்தவர் எத்தனை பேர் என்பதில் ரோம எழுத்தாளர்களே மோதுகிறார்கள்: ஒருவர் 40,000 என்கிறார், மற்றொருவர் 10,000க்கு மேல் இல்லை என்கிறார். பிடிபட்டவர்கள் மட்டும் சுமார் 40,000. அதில் பெண்களும் குழந்தைகளும் அடக்கம். மகாபாவில் தெக்தோசாகர் சமாதானம் பேசுவதுபோல் நாள் கடத்தி, குடும்பங்களை ஹாலிஸுக்கு அப்பால் அனுப்பப் பார்த்தார்கள். பேச்சுக்கு வந்த வுல்சோ மேல் 1,000 குதிரை வீரரை ஏவினார்கள். அதுவும் பலிக்காமல் தோற்றார்கள்.

வுல்சோ அள்ளிய கொள்ளைப்பொருளில் ஒரு பகுதியை ஊர் திரும்பும் வழியில் திரேசியர் மறித்துப் பறித்துக்கொண்டார்கள் என்பது இந்தக் கதையின் உபரி.

கியோமாரா யார்?

தொலிஸ்தோபோகியர் தலைவன் ஒர்தியாகோனின் மனைவி. இந்தப் போரில் பிடிபட்டாள். காவலுக்கு இருந்த ரோம நூற்றுவர் தலைவன் அவளைக் கெடுத்துவிட்டு, பிறகு மீட்புத்தொகைக்கும் பேரம் பேசினான். இரவில் ஆற்றங்கரையில் பொன்னை வாங்கிக்கொண்டு அவன் விடைபெறும்போது, அவன் தலையை வெட்டச் சொல்லித் தன் ஆட்களுக்குச் சைகை காட்டினாள். அந்தத் தலையை மடியில் கட்டிவந்து கணவன் முன் வைத்தாள். பிற்காலத்தில் சர்தை நகரில் அவளை நேரில் கண்டு பேசி, அவள் அறிவையும் மனத்திண்மையையும் வியந்ததாக வரலாற்றாசிரியர் பொலிபியஸ் சொல்லியிருக்கிறார். நேரில் கண்டவர் வாக்கு என்பதால் இதை வெறும் கட்டுக்கதை என்று தள்ளமுடியாது.

நரபலி கொடுத்தார்களா?

கொடுத்தார்கள் என்றே சான்றுகள் காட்டுகின்றன. கி.மு. 160களில் பெர்கமோனோடு நடந்த போருக்குப் பின், பிடிபட்டவர்களில் இளமையும் அழகும் உள்ளவர்களைத் தேர்ந்து மாலை சூட்டிப் பலியிட்டதாகக் கிரேக்க வரலாற்றாசிரியர் தியோதோரஸ் எழுதினார். எதிரி சொல் என்று நெடுங்காலம் இதை ஒதுக்கி வந்தார்கள். பிறகு கோர்தியோன் அகழாய்வில் கலாத்தியர் கால மண்ணடுக்கில் கழுத்து முறிந்த எலும்புக்கூடுகள், உடலில்லாத தலைகள், மனித எலும்பும் விலங்கு எலும்பும் வேண்டுமென்றே கலந்து அடுக்கிய குவியல்கள் எல்லாம் வெளிவந்தன. ஒரு பெண்ணின் உடல்மேல் கனமான அரைகற்கள் ஏற்றி வைக்கப்பட்டிருந்தன. இதே பழக்கங்கள் ஐரோப்பாவின் கெல்ட்டிய இடங்களிலும் தெரிந்தவை.

இதில் முரண் என்னவென்றால், பொருட்களை மட்டும் பார்த்தால் கலாத்தியரைக் கண்டுபிடிக்கவே முடியாது. பானை, விளக்கு, வீடு எல்லாம் உள்ளூர்ப் பாணி. ஐரோப்பியக் கெல்ட்டியப் பாணி ஊசிகளும் நகைகளும் மிகச் சொற்பம்.

ஐரோப்பியக் கெல்ட்டியரின் துருயிட் பூசாரிகள் இங்கும் இருந்தார்களா?

எந்தச் சான்றும் இல்லை. பெசினஸின் பிரிகியத் தாய்த்தெய்வக் கோயிலில் கலாத்தியர் பூசாரிகளாகச் சேர்ந்தது மட்டும் தெரியும்.

பிறகு அரசர்கள் எப்படி வந்தார்கள்?

ஒரு படுகொலையால். கி.மு. 86இல் கருங்கடல் கரையின் பொந்து நாட்டு அரசன் ஆறாம் மித்ரிதாதேஸ், கலாத்தியத் தலைவர்களை விருந்தாளியாகவும் பிணையாகவும் பெர்கமோனுக்கு வரவழைத்துக் குடும்பத்தோடு கொன்றான். பழைய தலைமை அழிந்த இடத்தில், தப்பியவர்களில் ஒருவனான தெயோதாரஸ் எழுந்தான்.

கெட்டிக்காரன். தன் ஆட்களை ரோமப் பாணியில் ஆயுதமும் பயிற்சியும் கொடுத்துத் திருத்தினான். கி.மு. 50இல் அவனிடம் 400 பேர் கொண்ட 30 படைப்பிரிவுகள், அதாவது 12,000 காலாள், கூடவே 2,000 குதிரை என்று ரோமப் பேச்சாளர் சிசெரோ தம் கடிதத்தில் கணக்குத் தருகிறார். ரோம உள்நாட்டுப் போரில் சீசரின் எதிரி பாம்பேயின் பக்கம் நின்று தோற்று, பிறகு கி.மு. 47இல் சேலா போரில் சீசரோடு நின்று மன்னிப்புப் பெற்றான். பயிற்சி இருந்தும் அனுபவம் இல்லாததால், அதற்கு முந்தைய நிக்கோப்பொலிஸ் போரில் அவன் படை சட்டென்று சிதறியதையும் சொல்லவேண்டும். கி.மு. 45இல் அவன் சீசரைக் கொல்லப் பார்த்ததாகச் சொந்தப் பேரனே வழக்குப் போட, சீசரின் வீட்டுக்குள்ளேயே நடந்த விசாரணையில் சிசெரோ அவனுக்காக வாதாடினார். அவன் படையின் எச்சம் பிற்காலத்தில் 22ஆம் தெயோதாரியானா என்ற ரோமப் படையணியாகி எகிப்தில் காவல் இருந்தது.

கடைசி அரசன் அமிந்தாஸ், தெயோதாரஸிடம் செயலராக இருந்தவன். கி.மு. 36இல் அரசனானான், லிக்கவோனியாவில் மட்டும் 300க்கு மேல் ஆட்டுமந்தை வைத்திருந்தான். கி.மு. 25இல் தெற்கு மலைவாசிகளிடம் பிடிபட்டுக் கொல்லப்பட்டான். அவன் பிள்ளைகளுக்குப் பட்டம் கொடுக்காமல் ரோமப் பேரரசர் அகஸ்தஸ் நாட்டை ரோம மாகாணமாக்கினார்.

பவுல் கலாத்தியருக்கு எழுதிய நிருபம் இந்தக் கெல்ட்டியருக்கா?

தமிழ் வாசகர்கள் இந்தப் பெயரைக் கேள்விப்பட்டிருப்பதே பெரும்பாலும் விவிலியத்தால்தான், ஆகவே கொஞ்சம் விரிவாக.

மாகாணம் உருவானபோது கெல்ட்டிய நாட்டோடு அமிந்தாஸின் தெற்கு நிலங்களும் சேர்க்கப்பட்டன. பிசீதியாவின் அந்தியோகியா, இக்கோனியா, லிஸ்திரா, தெர்பை எல்லாம் கலாத்தியா மாகாணத்துக்குள் வந்தன. அங்கிருந்தவர்கள் கெல்ட்டியர் அல்லர். அப்போஸ்தலர் நடபடிகள் 13, 14ஆம் அதிகாரங்களில் பவுல் சபை நிறுவுவது இந்தத் தெற்கு ஊர்களில். அன்சிரா, பெசினஸ், தாவியம் என்ற வடக்கு ஊர் ஒன்றின் பெயர்கூடப் புதிய ஏற்பாட்டில் இல்லை.

வடக்குக் கொள்கைக்காரர்கள் 16:6, 18:23 வசனங்களில் வரும் ‘கலாத்தியா நாடு’ பழைய கெல்ட்டியப் பகுதியே என்பார்கள். விவிலிய அறிஞர் லைட்ஃபுட் இந்தப் பக்கம். தெற்குக் கொள்கைக்காரர்கள் பவுல் மாகாணப் பெயரைத்தான் பயன்படுத்துகிறார் என்பார்கள். துருக்கியில் ஊர் ஊராகச் சுற்றிக் கல்வெட்டுப் படித்த ராம்சே இந்தப் பக்கம். பாதைகளையும் ஊர்ப்பெயர்களையும் வைத்துப் பார்த்தால் தெற்கே கனக்கிறது என்பது எங்கள் கருத்து. எப்படியானாலும் ‘புத்தியில்லாத கலாத்தியரே’ என்ற வசனத்தை எடுத்துக்கொண்டு, கெல்ட்டியர் சபல புத்திக்காரர்கள், அதனால்தான் பவுல் கடிந்தார் என்று பிரசங்கம் செய்வது ஆதாரமில்லாதது.

அவர்கள் மொழி எவ்வளவு காலம் இருந்தது?

கலாத்திய மொழியில் ஒரு கல்வெட்டு வாசகம்கூடக் கிடைக்கவில்லை. மிஞ்சியவை ஆட்பெயர், ஊர்ப்பெயர், கிரேக்க நூல்களில் சிதறிய சில சொற்கள். ஆனால் பேச்சில் நெடுநாள் நின்றது. கி.பி. நான்காம் நூற்றாண்டின் இறுதியில் கிறித்தவ அறிஞர் ஜெரோம், கலாத்தியர் கிரேக்கத்தோடு சொந்த மொழி ஒன்றும் பேசுகிறார்கள், அது ஜெர்மனியின் திரியர் பக்கத்து மக்கள் மொழியை ஒத்தது என்று எழுதினார். இரண்டு ஊர்ப்பக்கமும் போய்வந்தவர் அவர். ஆறாம் நூற்றாண்டுத் துறவி வரலாறு ஒன்றில், பாலஸ்தீன மடத்தில் நோயுற்ற கலாத்தியத் துறவி ஒருவர் வற்புறுத்திக் கேட்டபோது தம் தாய்மொழியில் மட்டுமே பேசினார் என்று வருகிறது. வந்தேறி 800 ஆண்டு ஆகியும் வீட்டுக்குள் மொழி இருந்திருக்கிறது.

இன்று போனால் என்ன பார்க்கலாம்?

அங்காராவின் உலுஸ் பகுதியில், ஹாஜி பைராம் பள்ளிவாசலை ஒட்டி நிற்கும் அகஸ்தஸ் கோயிலிலிருந்து தொடங்குங்கள். அகஸ்தஸின் சாதனைப் பட்டியல் லத்தீனில் முன்மண்டபத்தின் உட்சுவர்களிலும், கிரேக்க மொழிபெயர்ப்பு வெளிச்சுவரிலும் வெட்டப்பட்டிருக்கிறது. பலரும் அதைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். கலாத்தியருக்காக வருபவர்கள் தேடவேண்டியது பூசாரிகள் பட்டியல்: ஆதேப்போரிக்ஸின் மகன் அல்பியோரிக்ஸ் போன்ற கெல்ட்டியப் பெயர்கள், அமிந்தாஸ் அரசனின் மகன் பிலாயிமெனேஸ், மூன்று குலத்தாருக்கும் அவன் போட்ட விருந்து, நடத்திய வாட்போட்டி எல்லாம் அதில் உண்டு. எழுத்து தேய்ந்திருப்பதால் வெயில் சாய்வாக விழும் நேரம் நல்லது; உச்சிவெயிலில் சுவர் வெறும் வெள்ளை. அனதோலிய நாகரிகங்கள் அருங்காட்சியகம் அருகில்தான்.

கோர்தியோன், அங்காராவிலிருந்து தென்மேற்கே சுமார் 90 கி.மீ., பொலாத்லி ஊர் வழியாக. 2023இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. 50 மீட்டருக்கு மேல் உயர்ந்த ‘மிடாஸ் மேடு’ பிரிகியர் காலத்தது. வழிகாட்டிகள் சிலர் அதையும் கலாத்தியர் கணக்கில் சேர்த்துவிடுவார்கள், கவனம். பெசினஸ், சிவ்ரிஹிசாருக்குத் தெற்கே பால்லிஹிசார் கிராமத்தில் வீடுகளுக்கு நடுவே கிடக்கிறது. தாவியம், யோஸ்காட் அருகே பியூயுக்நெஃபெஸ் கிராமம். தரைக்கு மேல் மிகக் குறைவே தெரியும். நேரம் குறைவாக இருந்தால் முதலில் விட்டுவிடவேண்டியது அதைத்தான்.